முப்பத்தோராவது லூப்

இது நடந்தது. கதை கட்டும் தொழிலை விட்டு எனக்குக் கனகாலம். நம்பாதவர்கள் இந்த இடத்திலேயே மூடிவைத்துவிட்டுப் போய்ப் படுக்கலாம். அவர்களுக்காவது தூக்கம் வரட்டும்.

என் பெயர் ஸைனுலாப்தீன். திருகோணமலைத் துறைமுகத்தில் கப்பல்களுக்குச் சாமான் கொடுக்கும் வியாபாரம். வெங்காயம், முட்டை, உயிர் ஆடு, குடிதண்ணீர். 1972 முதல் 1976 வரை நான் படத் தயாரிப்பாளராகவும் இருந்தேன். இந்தியப் படங்கள் வருவது குறைந்து, நம் நாட்டிலேயே தமிழ்ப் படம் எடுக்கலாம் என்று ஆளாளுக்குப் புறப்பட்ட காலம் அது. என் முதல் படம் யாழ்ப்பாணத்தில் ஐந்து வாரமும் மட்டக்களப்பில் மூன்று வாரமும் ஓடியது. இரண்டாவது படம் வந்தபோது கொழும்புப் பத்திரிகை ஒன்றில் என் போட்டோவைப் போட்டார்கள். கறுப்புக் கண்ணாடி, கன்னத்தில் கை, வாயில் ஒரு இளிப்பு. அந்தப் பத்திரிகைத் துண்டு இன்னும் வீட்டு அலுமாரியில் கிடக்கிறது.

மூன்றாவது படத்தோடு விட்டுவிட்டேன். ஏன் என்று கேட்பவர்களிடம் என் மனைவி றஹ்மா விடுகிறாள் இல்லை என்று சொல்வேன். பாவம் அவள். செய்யாத குற்றத்தை இத்தனை வருடமாக அவள் தலையில் போட்டு வைத்திருக்கிறேன். உண்மையான காரணம் 1976 நவம்பர் 4ஆம் திகதி, வியாழக்கிழமை இரவு நடந்தது. சூரியன் மறைந்தால் அடுத்த நாள் என்ற எங்கள் கணக்கில் அது வெள்ளி இரவு.

செத்தவர் திரும்பி வருவார் என்று எங்கள் மார்க்கத்தில் இல்லை. ஜின் இருக்கிறது என்பார்கள். அன்று வந்தது ஜின் என்றால் அதற்கு என் படத்தில் நடித்த ராசமலரின் குரல் எப்படிக் கிடைத்தது என்று ஒரு மௌலவியிடம் கேட்டேன். அவர் வேறு கதைக்குப் போய்விட்டார்.

மூன்றாவது படத்தின் கதை சாதாரணமானது. தங்கையின் கல்யாணம் நடக்க வேண்டும் என்பதற்காக அக்கா கடலில் இறங்கிச் சாகிறாள். தங்கை வேடத்துக்குக் கொழும்பிலிருந்து ஒரு நடிகையைக் கூட்டி வந்தோம். அந்த அம்மாவுக்குத் துறைமுகத் தண்ணீர் நாறுகிறதாம். கால் கழுவச் சோடா கேட்டார். கதாநாயகன் எந்த நேரமும் கோழிக்கால் கடித்துக்கொண்டு, எலும்பை நின்ற இடத்திலேயே துப்புவான். முகத்தில் பூசிய மா வியர்வையில் கரைந்து கழுத்தில் வழியும். அந்த ஈரக் கையை என் தோளில் போட்டு "புரொடியூசர் நானா" என்பான். இந்தக் கூட்டத்துக்கு நடுவில் கதிரை போட்டு ராசா மாதிரி உட்கார்ந்திருந்தேன் நான். நினைத்தால் உடம்பு கூசுகிறது.

அக்கா வேடத்துக்கு ராசமலர். திருகோணமலைக்குப் பக்கத்துப் பாலையூற்றுப் பிள்ளை. இருபத்தேழு வயது. தையல் தைத்துத் தகப்பனைப் பார்த்துக்கொண்டு, கோயில் திருவிழா நாடகங்களில் நடித்து வந்தவள். நன்றாக நீந்துவாள். சொன்னதை முகம் சுளிக்காமல் செய்வாள். ஒருநாள் சாப்பாட்டு நேரத்தில் என் பக்கத்தில் வந்து நின்றாள்.

"முதலாளி, நோட்டீசில என்ர பேரும் வருமோ?"

"வரும்."

"பெரிசா வேண்டாம். வந்தாக் காணும்."

1976 ஆகஸ்ட் 11, புதன்கிழமை, பின்னேரம் 4.40. உள்துறைமுகத்தில், பாவனையில் இல்லாத ஒரு பழைய இறங்குதுறை. மேல் தட்டில் கமரா. அதற்குப் பக்கத்திலேயே விளக்குகளுக்கான ஜெனரேட்டர் கத்திக்கொண்டிருந்தது. சத்தத்தைப் பற்றி யாருக்கும் கவலை இல்லை. எங்கள் கமரா படத்தை மட்டும்தான் பிடிக்கும். குரலைப் பிறகு தனியாகப் பதிந்து ஒட்டுவோம். காட்சி எடுக்கும்போது நடிகர் வாயை அசைத்தால் போதும். அவர் என்ன கத்துகிறார் என்று யாரும் காது கொடுப்பதில்லை. அதுதான் எங்கள் வேலைப் பழக்கம்.

ராசமலர் தண்ணீரில் கொஞ்சத் தூரம் போய், கையைத் தூக்கி, ஒரு வசனம் சொல்லிவிட்டு மூழ்க வேண்டும். நான் கீழே படிக்கட்டில் நின்றேன். காலடியில் சல்லிக் கிராமத்திலிருந்து வந்த ஒரு வயதான தோணிக்காரர், தோணியோடு காவலுக்கு நின்றார். அவருக்குக் காது மந்தம்.

அவள் போனாள். கையைத் தூக்கினாள். வாயை அசைத்தாள். மூழ்கினாள். எழும்பினாள். திரும்பவும் கை, திரும்பவும் வாய். மேலே டைரக்டர், ஒலிபெருக்கிக் குழாயில் வாயை வைத்து "நல்லா இருக்கு, நல்லா இருக்கு" என்று கத்தினார். மூன்று தரம் எழும்பினாள். நான்காவது தரம் எழும்பவில்லை.

வெளியே எடுத்தபோது 5.05. நீருக்கடியில் கிடந்த பழைய கப்பல் கயிறு ஒன்று வலது கணுக்காலில் இறுகியிருந்தது. மூக்கிலிருந்து எண்ணெய் கலந்த தண்ணீர் வந்தது. கதாநாயகன் எட்டிப் பார்த்துவிட்டு, சாப்பிட்டதெல்லாவற்றையும் மேல் தட்டின் ஓரத்தில் சத்தி எடுத்தான்.

மரண விசாரணையில் எல்லோரும் ஒரே மாதிரிச் சொன்னோம். ஜெனரேட்டர் சத்தத்தில் எதுவும் கேட்கவில்லை. நடிப்பு என்று நினைத்தோம். நானும் அப்படித்தான் சொன்னேன். காது கேட்காதவர் என்று தோணிக்காரரை விசாரிக்கவில்லை. தற்செயல் மரணம் என்று தீர்ப்பு வந்தது. நான் ஒரு மூடை அரிசியை லொறியில் ஏற்றிப் பாலையூற்றுக்குப் போனேன். தகப்பன் மூடையைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். வாங்கோ என்று ஒரு சொல் சொல்லவில்லை. ஒரு பெண்ணுக்கு ஒரு மூடை அரிசி... அது சரியாக இருக்கும் என்று நினைத்த ஆள் நான்.

கமராக்காரர் மூத்ததம்பி அன்று இரவே பெட்டியைக் கட்டிக்கொண்டு ஊருக்குப் போய்விட்டார். டைரக்டர் அந்தக் காட்சியே வேண்டாம், கதையை மாற்றுவோம் என்றார். நான் விடவில்லை. "எடுத்தது எடுத்ததுதானே. இப்படி ஒரு சாவை எந்த நடிகை நடிப்பா?" என்று கேட்டேன். இந்த வாயால்தான் கேட்டேன். டைரக்டர் மறுநாள் காலை கொழும்புக்குப் போனார். பிறகு என் முகத்தில் விழிக்கவில்லை. படத்தை வெட்டி ஒட்டுபவருக்கு, அந்தக் காட்சியையும் சேர்க்கச் சொல்லி நானே கடிதம் எழுதினேன்.

தைப்பொங்கலுக்கு வெளியிடத் திகதி கிடைத்திருந்தது. அதைத் தவறவிட்டால் இன்னும் ஒரு வருடம் வரிசையில் நிற்க வேண்டும். கொழும்பு ஸ்டூடியோக்களில் குரல் பதிய எங்களுக்கு ஜனவரி வரை இடம் இல்லை. எனவே துறைமுகத்தடியில் இருந்த என் சாமான் ஸ்டோரிலேயே பதிவது என்று முடிவு செய்தேன். வெள்ளைக்காரன் காலத்துக் கட்டடம். இரண்டடித் தடிப்பில் கல்லுச் சுவர். சுவர் முழுக்கச் சாக்குத் தொங்கவிட்டோம். பகலில் பாரந்தூக்கியும் லொறியும் போடும் சத்தத்தில் ஒன்றும் செய்ய இயலாது. அதனால் இரவு.

அன்று உள்ளே நாங்கள் நாலு பேர். ஒலிப்பதிவுக்குக் கிண்ணியாவைச் சேர்ந்த பாயிஸ். புரொஜெக்டருக்கு, டவுன் தியேட்டரில் வேலை செய்த கதிராமன்; மெசின் சத்தம் பதியாமல் இருக்க அதைச் சுவருக்கு அந்தப் பக்கம் வைத்து, படம் விழ ஒரு ஓட்டை விட்டிருந்தோம். ராசமலருக்குக் குரல் கொடுக்கச் சிவகாமிப்பிள்ளை டீச்சர், வானொலி நாடகங்களில் பேசுபவர். பிறகு நான். எனக்கு அங்கே ஒரு வேலையும் இல்லை. முதலாளி என்றபடியால் முன்னால் கதிரை போட்டு உட்கார்ந்தேன்.

குரல் பதிவது எப்படி என்று சொல்கிறேன். இது தெரியாவிட்டால் மற்றது விளங்காது. ஒரு வசனம் வரும் துண்டுப் பிலிமை மட்டும் வெட்டி, அதன் தலையையும் வாலையும் சேர்த்து ஒட்டுவார்கள். அது ஒரு வளையம். லூப் என்பார்கள். புரொஜெக்டரில் போட்டால் அதே துண்டு நிற்காமல் திரும்பத் திரும்ப ஓடும். வாய் பொருந்தும்வரை பேசுபவர் சொல்லிப் பார்ப்பார். மிச்ச வளையம் நிலத்தில் உராயாமல் இருக்கக் கதிராமன் சுவரில் ஆணி அடித்து, வெறும் நூல்கட்டைகளைக் கப்பி மாதிரிக் கொழுவியிருந்தான்.

இரவு 10.05க்குத் தொடங்கினோம். மழை விட்டிருந்தது. 11.30க்குள் முப்பது லூப் முடிந்தது.

கதிராமன் அடுத்ததைக் கையில் எடுத்துக்கொண்டு எங்கள் பக்கம் வந்து நின்றான்.

"முதலாளி, இது முப்பத்தோராவது. அந்தப் பிள்ளையின்ர... இதையும் போடவோ?"

"போடு."

திரையில் ராசமலரின் முகம். தண்ணீர். தூக்கிய கை. வாய் மூன்று தரம் திறந்து மூடியது. மூழ்கினாள். குமிழி. ஒட்டிய இடத்தில் ஒரு வெள்ளை வெட்டு. திரும்ப முகம்.

பன்னிரண்டு செக்கன். நிமிடத்துக்கு ஐந்து தரம் அவள் செத்தாள்.

நான் பணிஸ் தின்றுகொண்டிருந்தேன். இதையும் சொல்லத்தான் வேண்டும். அவள் மூழ்கும்போது மென்றேன். எழும்பும்போது தேத்தண்ணீரில் தோய்த்தேன்.

டீச்சர் ஒலிவாங்கிக்கு முன்னால் நின்று வசனத்தைச் சொன்னார். "தங்கச்சி, என்னை மன்னிச்சுக்கொள்." வாய் அங்கே முடிந்துவிட்டது, வசனம் இன்னும் மிஞ்சி நின்றது. இன்னொரு தரம். இன்னொரு தரம்.

"முதலாளி, பொருந்தேல்லை."

"கெதியாச் சொல்லிப் பாருங்கோ டீச்சர்."

"கெதியில ஒண்டும் இல்லை. இந்தப் பிள்ளை இந்த வசனத்தைச் சொல்லேல்லை. வேற என்னவோ சொல்லுறா."

"என்னத்தைச் சொன்னா என்ன? ஏதாவது பொருத்துங்கோ."

சோற்றில் துப்பியவனைப் பார்ப்பதுபோல் அவர் என்னைப் பார்த்தார். பிறகு திரும்பித் திரையைப் பார்த்தார். அந்த வாயையே பார்த்துக்கொண்டு நின்றார். உதட்டை மெதுவாக அசைத்துப் பார்த்தார், சத்தம் இல்லாமல்.

11.48. பாயிஸ் கையில் இருந்த ஸ்டொப் வாச்சைக் காதில் வைத்துப் பார்த்தான்.

"நானா, லூப் நீண்டுட்டு."

"என்ன விசர்க்கதை?"

"பன்னிரண்டு செக்கன் வரணும். பதினாலு வருது."

கரண்ட் குறைந்திருக்கும், மெசின் மெதுவாக ஓடுகிறது என்று நான் சொன்னேன். ஓட்டையால் எட்டிப் பார்த்த கதிராமன், மெசின் சரியாக ஓடுகிறது என்றான்.

அடுத்த சுற்று பத்தொன்பது.

அடுத்தது இருபத்தாறு.

கதிராமன் மெசினை நிறுத்தினான். லூப்பைக் கழற்றி அடிமட்டத்தால் அளந்தான். பதினெட்டு அடி. பன்னிரண்டு செக்கனுக்கு எவ்வளவோ அவ்வளவுதான். ஒரு அங்குலம் கூடவும் இல்லை, குறையவும் இல்லை. திரும்பக் கொழுவி ஓட்டினான்.

முப்பத்தொன்று.

கூடிய நேரம் எங்கே இருக்கிறது என்று பார்த்தேன். அவள் மூழ்குவாள். குமிழி வரும். முன்பு அதோடு வெள்ளை வெட்டு வந்துவிடும். இப்போது வரவில்லை. வெறும் தண்ணீர்... அசையாத தண்ணீர்... ஆள் இல்லாத தண்ணீர் ஓடிக்கொண்டே இருந்தது.

பிறகு எழும்பினாள்.

முன்பு எழும்பிய இடத்தில் இல்லை. கொஞ்சம் கிட்ட.

12.02. கால் நனைந்தது. குனிந்து பார்த்தேன். சீமெந்து நிலத்தில் அரை விரல் உயரத்துக்குத் தண்ணீர். மழைத் தண்ணீர் கதவால் வந்திருக்கும் என்று எனக்கு நானே சொன்னேன். ஆனால் மழைத் தண்ணீருக்கு வாடை இல்லை. இதற்கு இருந்தது. இறங்குதுறைக்கு அடியில் ஊறிக் கிடக்கும் எண்ணெய், செத்த சிப்பி, அழுகின பாசி. அந்த வாடை நாக்கில் ஒட்டியது. வாயில் இருந்த பணிசைக் கையில் துப்பினேன்.

"டீச்சர், நிலம் நனைஞ்சிருக்கா?"

"இல்லையே முதலாளி. ஏன்?"

அவருடைய காலைச் சுற்றி நிலம் காய்ந்து கிடந்தது.

திரையில் நாற்பது செக்கன் தண்ணீர்.

எழும்பினாள். இன்னும் கிட்ட. கமராவைப் பார்க்கவில்லை. இடது பக்கம், கீழே பார்த்தாள். அன்று நான் நின்ற படிக்கட்டு அந்தப் பக்கம்தான்.

நான் இருந்த கதிரையும் இடது பக்கம்தான்.

எழும்பி, வலது பக்கத்துக் கதிரைக்குப் போனேன். மற்றவர்கள் ஏன் என்று கேட்கவில்லை.

ஐம்பது செக்கன்.

எழும்பினாள்.

வலது பக்கம் பார்த்தாள்.

12.10.

"கதிராமன், நிப்பாட்டு!"

சுவருக்கு அந்தப் பக்கமிருந்து அவனுடைய குரல் வந்தது. மெதுவாக.

"நிப்பாட்டி இரண்டு நிமிசம் முதலாளி."

திரையில் தண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது.

பாயிஸ் ஓதத் தொடங்கினான். டீச்சர் இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டார்.

12.12. கரண்ட் போனது.

இருட்டு.

கதவு இருந்த பக்கம்கூடத் தெரியவில்லை. பாயிசின் பதிவுக் கருவி மட்டும் பற்றரியில் ஓடியது. அதன் சின்னச் சத்தம்... கிர்... கிர்...

அதற்கு மேல் இன்னொரு சத்தம். ஈரத் துணியிலிருந்து தண்ணீர் சொட்டும் சத்தம்.

டக்.

டக்.

நான் விட்டுவிட்டு வந்த இடது பக்கத்துக் கதிரை முனகியது. யாரோ உட்காரும்போது முனகுவதுபோல.

பிறகு முனகல் நின்றது.

எழும்பிவிட்டது.

டக்... என் பக்கம் வந்தது.

டக்... முழங்காலடியில்.

காதுக்குப் பக்கத்தில் எண்ணெய் வாடை.

"முதலாளி..."

மூச்சு இல்லை. குரல் மட்டும்.

"ஏலாது..."

கலிமாச் சொல்ல வாயைத் திறந்தேன். வாய்க்குள் தண்ணீர். உப்பு, எண்ணெய், வழுவழுவென்று ஏதோ... விழுங்கினேன். திரும்பவும் நிரம்பியது.

"முதலாளி... ஏலாது..."

எனக்கு அந்தச் சொற்கள் தெரியும்.

இதுவரை யாருக்கும் சொல்லாததை இப்போது சொல்கிறேன். ஜெனரேட்டர் மேலே இருந்தது. நான் கீழே, தண்ணீர் மட்டத்தில் நின்றேன். அவள் கத்தியது எனக்குக் கேட்டது. ஒவ்வொரு சொல்லும் கேட்டது. "முதலாளி, ஏலாது, ஏலாது." அது வசனம் இல்லை என்று எனக்குத் தெரியும். வசனத்தை எழுதுவித்தவனே நான். தோணிக்காரருக்குக் காது கேட்கவில்லை, ஆனால் கண் தெரிந்தது. அவர் துடுப்பை எடுத்தார். நான் தோணியின் விளிம்பைப் பிடித்துக்கொண்டேன். மற்றக் கையால் மேலே மூத்ததம்பிக்குச் சைகை காட்டினேன்... ஓட்டு, நிப்பாட்டாதே என்று. இன்னும் அரை நிமிடம் என்று நினைத்தேன். இப்படி ஒரு காட்சி இனிக் கிடைக்காது என்று நினைத்தேன். மணிக்கூட்டைக்கூடப் பார்த்தேன். பிடித்தபோது 4.41. விட்டபோது 4.45 தாண்டியிருந்தது.

அவள் மூழ்கியது என்னை நம்பி. கூப்பிட்டதும் என்னைத்தான்.

தண்ணீர் மூக்கு வரை வந்துவிட்டது. மூச்சு இல்லை. இனிச் சாவுதான் என்று தெரிந்தது.

"கேட்டது..." என்றேன்.

வாயால் தண்ணீர் வழிந்தது.

"எனக்குக் கேட்டது பிள்ளை... கேட்டது..."

சொட்டும் சத்தம் நின்றது.

விளக்கு எரிந்தது.

பாயிஸ் வாச்சைப் பிடித்தபடியே நின்றான். இருட்டு வந்ததிலிருந்து நான்கு நிமிடமும் இருபது செக்கனும் என்றான். நிலம் முழுக்கக் காய்ந்திருந்தது. என்னுடைய சாரம் மட்டும் இடுப்பு வரை நனைந்து, எண்ணெய்க் கறையோடு காலில் ஒட்டியிருந்தது.

டீச்சர் வாயிலிருந்து கையை எடுக்கவில்லை. கையை எடுக்காமலே தலையை ஆட்டினார். நான் பேசவில்லை, நான் இல்லை என்பதுபோல.

கதிராமன் லூப்பைக் கழற்றப் போனான். "சீ!" என்று கத்திக்கொண்டு கையை உதறினான். போய்ப் பார்த்தேன். பதினெட்டு அடியும் ஊறி வீங்கியிருந்தது. படம் இருந்த மேல்தோல் தொட்ட இடமெல்லாம் வழுவழுவென்று உரிந்து வந்தது, மூன்று நாள் கிடந்து அழுகின மீனின் தோல் மாதிரி. நூல்கட்டைகளில் சாம்பல் நிறத்தில் சளிபோல வழிந்தது. அந்த நாற்றம் சரியாக ஒரு மாதம் என் நகக்கண்ணில் இருந்தது. எலுமிச்சம்பழம், மண், சவர்க்காரம், எதற்கும் போகவில்லை. அந்தக் கையால் சோறு பிசைய முடியாமல் கரண்டியால் தின்றேன்.

பாயிஸ் டேப்பைப் பின்னால் ஓட்டிப் போட்டான்.

"முதலாளி... ஏலாது... ஏலாது..."

ராசமலரின் குரல். டீச்சரின் குரலுக்கும் அதற்கும் ஒரு சம்பந்தமும் இல்லை. என்னுடைய குரல் டேப்பில் எங்கேயும் இல்லை. ஆனால் அவளுடைய குரலுக்குப் பின்னால் ஒரு சத்தம் விடாமல் கேட்டது. மூன்று பேரும் அதைக் கேட்டார்கள்.

ஜெனரேட்டர்.

ஸ்டோரில் ஜெனரேட்டர் இல்லை. அந்த ஏரியாவிலேயே அன்று ஒன்றும் ஓடவில்லை.

பாயிஸ் அந்த டேப்பை விடிய முன்னமே துறைமுகத்தில் எறிந்தான். டீச்சர் என்னிடம் ஒரே ஒரு கேள்வி கேட்டார்.

"இருட்டுக்குள்ள 'கேட்டது' எண்டு சொன்னது நீங்கள்தானே?"

நான் குனிந்து சாரத்தைப் பிழிந்தேன். அவர் சைக்கிளை எடுத்துக்கொண்டு போனார். அதற்குப் பிறகு தெருவில் என்னைக் கண்டால் மற்றப் பக்கம் போய்விடுவார்.

படத்தைக் கைவிட்டேன். மிச்சப் பிலிம் தகரங்களைக் கொழும்புக்கு அனுப்பவும் இல்லை, திறக்கவும் இல்லை. பாலையூற்றுக்கு இரண்டு தரம் போனேன், தகப்பனிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட வேண்டும் என்று. இரண்டு தரமும் வாசல் படலையடியில் நின்றுவிட்டுத் திரும்பினேன். மூன்றாவது தரம் போனபோது வீட்டில் மரண வீட்டுப் பந்தல் போட்டிருந்தார்கள். பொலிசுக்கும் போகவில்லை. அந்தத் துணிவு இருக்கிற ஆளாக இருந்தால் அன்று தோணியை விட்டிருப்பேன். கண்ணாடியில் முகம் பார்க்க அருவருப்பாக இருக்கிறது. சவரத்துக்குக்கூட வேறொருவரிடம்தான் போகிறேன்.

இதோடு விட்டிருக்கலாம். 1982 யூன் மாதம் இறக்கக்கண்டிக்குக் கருவாடு எடுக்கப் போனேன். நிலாவெளி வீதியோரத்தில் அடையாள அட்டைப் படம் பிடிக்கும் சின்னக் கடை ஒன்று. வாசலில் மூத்ததம்பி நின்றார். தலை நரைத்துவிட்டது. ஆறு வருடங்களுக்குப் பிறகு காண்கிறேன். மனுசன் உள்ளே கூப்பிட்டுக் கதிரை போட்டுத் தேத்தண்ணீர் தந்தார்.

அவருக்காவது சொல்ல வேண்டும்போல் இருந்தது. அந்தச் சைகையை நான் காட்டியது அவருக்குத்தான். ஸ்டோரில் நடந்ததை, லூப் நீண்டதை, எல்லாவற்றையும் சொன்னேன். அவர் குறுக்கே பேசாமல் கேட்டார். கடைசியில் தேத்தண்ணீரைக் கீழே வைத்தார்.

"நீங்கள் எந்தக் காட்சியைச் சொல்லுறியள் முதலாளி?"

"ராசமலர் தண்ணிக்குள்ள தாண்ட காட்சி. நீங்கள் எடுத்தது."

"அதை எடுக்கேல்லையே."

"என்ன சொல்லுறீங்க? நான் கை காட்டினேன். நீங்க ஓட்டினீங்க. நான் பார்த்தேன்."

"ஓம், ஓட்டினனான்."

வீதியைப் பார்த்துக்கொண்டே சொன்னார்.

"அந்த நாளில பிலிம் கிடைக்கிறது எவ்வளவு கஷ்டம்? ஒரு அடி வீணாக்க ஏலாது. முதல் தரம் எல்லாரும் பிழை விடுவினம். அதால முதல் தரம் வெறுங் கமராவைத்தான் ஓட்டுறது. ஒத்திகை எண்டு சொன்னா ஒழுங்கா நடிக்கமாட்டினம், அதால நடிக்கிற ஆக்களுக்குச் சொல்லுறேல்லை. முதலாளிமாருக்கும் சொல்லுறேல்லை. ரெண்டாந் தரத்துக்குத்தான் பிலிம் போடுறது."

நான் கதிரையை விட்டு எழும்பினேன்.

"அண்டைக்கு..." என்றேன்.

"அண்டைக்கு ரெண்டாந் தரம் வரேல்லைத்தானே முதலாளி."